கோர்ட் தாளோடு போகிறவர்களுக்கு: சமூக மன்றத்து இலவசச் சட்ட ஆலோசனை எப்படி இருக்கிறது?

கடன் விஷயமாக நீதிமன்றத்திலிருந்து தாள் வந்து, அதை யாரிடம் காட்டுவது என்று தெரியாமல் வீட்டில் வைத்துக்கொண்டிருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். சிங்கப்பூரில் சமூக மன்றங்களில் மாலை நேரத்தில் நடக்கும் இலவசச் சட்ட ஆலோசனைக்கு என் தம்பியை அழைத்துக்கொண்டு போயிருந்தேன். தீவின் வடக்குப் பக்கம் இருக்கும் ஒரு மன்றம். குறைகளும் சொல்லப் போவதால் பெயரைப் போடவில்லை. இந்த மாதிரி ஆலோசனை பல பேட்டைகளில் நடக்கிறது, முறை ஏறக்குறைய ஒன்றுதான். போகலாமா என்று கேட்டால், கட்டாயம் போங்கள் என்பேன். ஆனால் அங்கே என்ன கிடைக்கும், என்ன கிடைக்காது என்று தெரிந்துகொண்டு போங்கள்.

முதலில் எங்கள் கதை, சுருக்கமாக. தம்பி தேக்கா சந்தையிலிருந்து உணவகங்களுக்குக் காய்கறியும் வாழை இலையும் கொண்டுபோய்க் கொடுக்கும் தொழில் செய்துவந்தான். வேன் வாடகை வேன். 2020-இல் கிருமி முறியடிப்பு நடவடிக்கை வந்து உணவகங்கள் உட்கார்ந்து சாப்பிடுகிறவர்களை இழந்தபோது அவனுடைய தொழிலும் படுத்தது. அவனுக்கு வரவேண்டிய பணம் வரவில்லை, அவன் கொடுக்கவேண்டிய வேன் வாடகை நின்றுபோனது. வேனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, உட்லண்ட்ஸில் இருந்த வாடகை அறையைக் காலி செய்து எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டான். இப்போது இன்னொருவரிடம் சம்பளத்துக்கு லாரி ஓட்டுகிறான். வேன் கம்பெனிக்கு நிலுவை, வட்டி, வழக்குச் செலவு எல்லாம் சேர்ந்து பதினோராயிரம் வெள்ளிக்கு (சிங்கப்பூர் டாலர்) கொஞ்சம் மேலே நின்றது.

இந்தத் தொகையைக் கவனியுங்கள். சிங்கப்பூரில் ஒருவரை நொடித்துப்போனவராக அறிவிக்கக் கோரி மனுப் போட, கடன் குறைந்தது 15,000 வெள்ளி இருக்கவேண்டும். அதற்குக் கீழே இருந்தால் கடன் கொடுத்தவருக்கு அந்த வழி கிடையாது. அவர் நீதிமன்றத் தீர்ப்பு வாங்கி, அதைக் கொண்டு வசூலிக்கப் பார்க்கவேண்டும். நடுத்தர அளவில் கடன்பட்டவர்கள் நிறையப் பேர் மாட்டிக்கொள்ளும் இடம் இதுதான். ஆனால் இதைப் பற்றி நம்மிடையே யாரும் பேசுவதில்லை. ஆலோங் எனும் சட்டவிரோத வட்டிக்காரர்களைப் பற்றிப் பேசுவார்கள், திவால் பற்றிப் பேசுவார்கள். நடுவில் இருக்கிற இந்த வழக்கு நடைமுறை யாருக்கும் தெரியாது.

ஒரு சனிக்கிழமை காலை வழக்கறிஞர் அலுவலகப் பையன் ஒருவர் வாசலில் வந்து நின்று, தம்பியின் பெயரைக் கேட்டு, அடையாள அட்டையைப் பார்த்து, ஒரு கட்டுத் தாளைக் கையில் கொடுத்துவிட்டுப் போனார். இந்தத் தேதியில், இந்த நேரத்தில் அரசு நீதிமன்றங்களுக்கு வந்து உன் வருமானம், சொத்து பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல், இந்த இந்த ஆவணங்களைக் கொண்டுவா என்று அதில் இருந்தது. அடியில் தடித்த எழுத்தில் ஓர் எச்சரிக்கை: கீழ்ப்படியாவிட்டால் சிறைக்கு அனுப்பப்படலாம். தம்பி அந்த ஒரு வரியைத்தான் படித்தான். மற்றது எதுவும் அவன் கண்ணில் படவில்லை.

எங்கள் பெரிய மாமாவுக்கு விஷயம் போனது. அவர் நல்ல மனிதர், எங்களை வளர்த்தவர். அவர் சொன்னது: "போகாதடா. போனா அங்கேயே விலங்கு மாட்டிடுவாங்க. கொஞ்ச நாள் ஜோகூர்ல இரு." ஜோகூர் என்றால் எல்லைக்கு அந்தப் பக்கம், மலேசியா. குடும்பத்தில் பெரியவர் சொன்னால் மறுத்துப் பேசுவது கஷ்டம். ஆனால் இதைவிட ஆபத்தான யோசனை இருக்க முடியாது என்று அந்த ஆலோசனைக்குப் போன பிறகுதான் எனக்கு முழுதாகப் புரிந்தது.

சரி, ஆலோசனைக்கு வருகிறேன். முன்பதிவு செய்துவிட்டுத்தான் போகவேண்டும். பதிவு செய்யும்போதே என்ன பிரச்சினை, எதிர்த் தரப்பு யார் என்று கேட்கிறார்கள். எதிர்த் தரப்புக்கு ஏற்கெனவே வேலை செய்கிற வழக்கறிஞரிடம் நம்மை உட்காரவைத்துவிடக் கூடாது என்பதற்காக. இது நல்ல ஏற்பாடு. மாடியில் ஒரு பலநோக்கு அறை. வாசலில் மேசை போட்டுத் தொண்டூழியர்கள் இருவர். நாற்காலிகளில் காத்திருந்தவர்களில் பாதிப் பேர் கையில் பிளாஸ்டிக் கோப்பு, மீதிப் பேர் கையில் சுருட்டிய தாள். மணமுறிவு, உயில், மேல்மாடித் தண்ணீர்க் கசிவு, கடன் என்று எல்லாம் கலந்து வருகிறது.

எங்களுக்குக் கிடைத்தவர் ஓர் இளம் சீன வழக்கறிஞர். பகலெல்லாம் அலுவலகத்தில் வேலை செய்துவிட்டு வந்திருந்தார், முகத்தில் களைப்புத் தெரிந்தது. ஆனால் நிதானமாகப் பேசினார். பக்கத்தில் சட்டம் படிக்கும் ஒரு தமிழ்ப் பெண், தொண்டூழியராக. தம்பிக்கு ஆங்கிலம் பேசவரும், ஆனால் பயத்தில் இருக்கும்போது வராது. அந்தப் பெண் அதைக் கேட்காமலே புரிந்துகொண்டு, "அங்கிள், தமிழ்லயே சொல்லுங்க, நான் சொல்லிடறேன்" என்றாள். அதிலிருந்து எல்லாம் மாறியது.

வழக்கறிஞர் முதலில் கேட்டது பணத்தைப் பற்றி அல்ல. "இந்தத் தாளை யார் கொடுத்தார்கள், யார் கையில் கொடுத்தார்கள், எந்தத் தேதி?" என்று கேட்டார். தம்பி சொன்னான். அப்புறம் அவர் தாளின் பின்பக்கம் பென்சிலால் மேலிருந்து கீழாக ஒரு கோடு போட்டார். இடப்பக்கம் கடன் தொகையை எழுதினார். வலப்பக்கம் நீதிமன்றத் தேதியை எழுதினார். பென்சில் முனையை இடப்பக்கம் வைத்து, "இது நீங்கள் அவர்களுக்குக் கொடுக்கவேண்டியது. இதற்காக இந்தத் தாள் உங்களைச் சிறையில் போடச் சொல்லவில்லை" என்றார். வலப்பக்கம் வைத்து, "இது நீங்கள் நீதிமன்றத்துக்குக் கொடுக்கவேண்டியது. சிறை என்ற சொல் இந்தப் பக்கத்தைச் சேர்ந்தது. நீங்கள் போய்விட்டால் அந்தச் சொல் போய்விடும்" என்றார். அந்தப் பெண் இதைத் தமிழில் சொன்னபோது தம்பி அந்தத் தாளைக் கையில் எடுத்து, முதல் வரியிலிருந்து படிக்க ஆரம்பித்தான். வந்த நாளிலிருந்து அவன் அதை முழுதாகப் படித்தது அப்போதுதான்.

இந்த ஒரு விளக்கத்துக்காகவே நான் இந்தச் சேவையை மெச்சுவேன். கடனைக் கட்ட முடியாமல் இருப்பது ஒரு நிலைமை. நீதிமன்றம் கூப்பிட்டும் போகாமல் இருப்பது நீதிமன்ற அவமதிப்பு. இரண்டையும் நம் ஆட்கள் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள். கடனுக்குப் பயந்து ஒளிகிறவன், ஒளிந்ததற்காக மாட்டிக்கொள்கிறான்.

அவமதிப்பு என்றதும் மறுநாளே போலீஸ் வந்து கதவைத் தட்டுவதில்லை. அதற்கும் படிகள் இருக்கின்றன, ஒவ்வொரு படியிலும் கடன்பட்டவரின் பக்கத்தைக் கேட்பதற்கு இடம் இருக்கிறது. வரச்சொன்ன உத்தரவு அவர் கையில் முறையாகச் சேர்ந்தது என்று காட்டவேண்டும். அவமதிப்பு நடவடிக்கை எடுக்க எதிர்த் தரப்பு முதலில் நீதிமன்றத்தின் அனுமதியைக் கேட்கவேண்டும். அனுமதி கிடைத்தால் விண்ணப்பம் போட்டு, அதையும் அவரிடம் சேர்க்கவேண்டும். விசாரணையில் அவர் தன் காரணத்தைச் சொல்லலாம், வழக்கறிஞர் வைத்துக்கொள்ளலாம். இது சிவில் வழக்கில் கிளம்பிய விஷயமாக இருந்தாலும், நிரூபிக்கவேண்டிய அளவு கிரிமினல் வழக்கின் அளவு, சந்தேகத்துக்கு இடமில்லாமல். இவ்வளவுக்குப் பிறகும் போகாமலே இருந்தால்தான் உண்மையான கஷ்டம். நீதித்துறை நிர்வாகப் பாதுகாப்புச் சட்டம் என்று 2016-இல் கொண்டுவந்த சட்டத்தின்படி, அரசு நீதிமன்றங்களில் அவமதிப்புக்கு 20,000 வெள்ளி வரை அபராதம், 12 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். பதினோராயிரம் கடனுக்குப் பயந்து இந்த இடத்துக்கு ஒருவர் வந்து சேர்ந்தால் அதைவிடக் கொடுமை இல்லை.

மாமாவின் ஜோகூர் யோசனையையும் அந்த வழக்கறிஞரிடம் கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. இந்த நேரத்தில் நாட்டை விட்டுக் கிளம்புவது போலத் தெரிந்தாலே கெடுதல் என்றார். கடனிலிருந்து தப்பிக்க நாட்டை விட்டுப் போகப் பார்க்கிறவரைப் பிடித்து நிறுத்தக் கடனாளிகள் சட்டம் என்று 1934-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இன்னும் இருக்கிறது. அதாவது கைது என்ற பேச்சே இல்லாத இடத்துக்கு நாமே கைதைக் கூட்டிக்கொண்டு வருகிறோம்.

அடுத்து நான் கேட்டது, எனக்கு உறுத்திக்கொண்டிருந்த கேள்வி. இவன் மேல் வழக்கு நடந்தது இவனுக்கே தெரியாதே, கேட்காமலே எப்படித் தீர்ப்புக் கொடுத்தார்கள்? வழக்கறிஞர் தாள்களைப் புரட்டிப் பார்த்தார். வழக்குத் தாளைத் தம்பியின் கையில் கொடுக்க முயன்று, ஆள் இல்லாததால், நீதிமன்ற உத்தரவு வாங்கி உட்லண்ட்ஸ் பழைய வீட்டுக் கதவில் ஒட்டியிருக்கிறார்கள். அங்கே அப்போது வேறு யாரோ குடியிருந்தார்கள். வழக்குத் தாள் வந்து 14 நாளுக்குள் எதிர்த்து நிற்கப்போகிறேன் என்று நீதிமன்றத்துக்குத் தெரிவிக்கவேண்டும். தெரிவிக்காவிட்டால் எதிர்த் தரப்பு, விசாரணை இல்லாமலே தீர்ப்புக் கேட்டு வாங்கலாம். அப்படித்தான் நடந்திருக்கிறது.

அதை ரத்து செய்யக் கேட்கலாம் என்றார் அவர். ஆனால் நேர்மையாக அடுத்ததையும் சொன்னார். முறை தவறி வாங்கிய தீர்ப்பு என்றால் பொதுவாக ரத்தாகும். முறைப்படி வாங்கியது என்றால், எனக்கு எடுத்த எடுப்பில் ஏற்கத்தக்க மறுப்பு இருக்கிறது என்று காட்டவேண்டும். 2008-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் மெர்க்குரின் வழக்கில் இதைத் தெளிவுபடுத்தியது என்று அந்த மாணவி சொன்னாள். கதவில் ஒட்டுவதற்கு நீதிமன்றமே உத்தரவு கொடுத்திருந்ததால் எங்களுடையது இரண்டாவது வகை. "அவர்கள் கேட்கும் தொகையில் எது தவறு?" என்று கேட்டார். தம்பி யோசித்துவிட்டு, "எதுவும் தப்பில்லை மேடம், வாடகை பாக்கிதான்" என்றான். அப்படியானால் ரத்து கேட்டுச் செலவைக் கூட்டிக்கொள்வதைவிட, விசாரணை நாளில் போய் உங்கள் நிலைமையைச் சொல்லித் தவணை கேளுங்கள் என்றார். தீர்ப்புத் தொகைக்கு ஆண்டுக்கு 5.33 விழுக்காடு வட்டி ஓடிக்கொண்டிருக்கிறது, தள்ளிப்போடுவதில் லாபம் இல்லை என்றும் சொன்னார். இலவசம் என்பதால் ஏதோ பேருக்குச் சொல்லி அனுப்பாமல், நமக்குப் பிடிக்காத பதிலையும் மறைக்காமல் சொன்னார். காசு வாங்கும் இடங்களில்கூட எனக்கு இது எப்போதும் கிடைத்ததில்லை.

கடனுக்காக எதை எடுக்கலாம், எதை எடுக்க முடியாது என்றும் கேட்டோம். வீவக வீட்டை, அதாவது வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்து வீட்டை, சாதாரணமாகக் கடன் கொடுத்தவர் ஜப்தி செய்ய முடியாது. மத்திய சேமநிதிப் பணத்தைத் தொட முடியாது. உடுத்தும் துணி, படுக்கை, தொழில் கருவி, சம்பளம் ஆகியவற்றுக்கும் பாதுகாப்பு இருக்கிறது. ஆனால் சம்பளம் வங்கிக் கணக்கில் விழுந்துவிட்டால் அந்தக் கணக்கை நிறுத்திவைக்கக் கேட்க முடியும் என்றார். இதைக் கேட்டதும் தம்பியின் முகம் மாறியது, அவனுக்கு இருப்பது ஒரே கணக்கு. பணத்தை வேறு யார் பெயருக்காவது மாற்றிவிடலாமா என்று அவன் கேட்க வாயெடுத்தான். வழக்கறிஞர் கையை உயர்த்தித் தடுத்தார். மறைப்பதும் மாற்றுவதும்தான் கெட்ட எண்ணத்துக்கு அடையாளம், அப்படிச் செய்தவரை நீதிமன்றம் வேறு கண்ணால் பார்க்கும் என்றார். விசாரணையில் சத்தியம் செய்துவிட்டுப் பொய் சொல்வது தனிக் குற்றம் என்பதையும் சொல்லிவைத்தார்.

இப்போது குறைகள்.

ஒருவருக்கு ஒதுக்குவது இருபது நிமிடம்தான், அது மிகக் குறைவு. எங்களுக்குக் கொஞ்சம் கூடவே கொடுத்தார்கள், ஆனால் வெளியே வரிசை நிற்பது தெரிந்துகொண்டே பேசவேண்டும். ஆவணங்களைத் தேதிவாரியாக அடுக்கி, நடந்ததை அரைப்பக்கத்தில் எழுதிக்கொண்டு போகாவிட்டால் அந்த நேரம் தாள் தேடுவதிலேயே கரைந்துவிடும். இவர்கள் ஆலோசனை மட்டும்தான் தருவார்கள். நம்மோடு நீதிமன்றத்துக்கு வரமாட்டார்கள், கடிதம் எழுதித் தரமாட்டார்கள், மனுத் தயாரிக்கமாட்டார்கள். இதைப் பதிவு செய்யும்போதே சொல்லியிருக்கலாம்.

பெரிய குறை அந்தரங்கம். மேசைகளுக்கு நடுவே ஓர் ஆள் உயரத் தடுப்புக்கூட இல்லை. பக்கத்துக் கூடத்தில் நடன வகுப்பு, பாட்டுச் சத்தம் சுவரைத் தாண்டி வருகிறது. அதற்கு மேல் குரலை உயர்த்தி, எனக்கு இவ்வளவு கடன், இவ்வளவுதான் சம்பளம் என்று சொல்லவேண்டியிருக்கிறது. காத்திருந்தவர்களில் எங்கள் புளோக்கைச் சேர்ந்த ஒருவர் இருந்தார். தம்பி அவரைப் பார்த்ததும் எழுந்து போகப் பார்த்தான். நம் சமூகத்தில் கடன் என்பது மானப் பிரச்சினை. ஒரு கதவுள்ள அறை கொடுத்தால் இன்னும் பலர் வருவார்கள்.

மொழி விஷயமும் இருக்கிறது. அன்று அந்த மாணவி இருந்தது எங்கள் நல்லநேரம். அவள் தமிழுக்காக நியமிக்கப்பட்டவள் அல்ல. நீதிமன்றத்தில் தமிழ் மொழிபெயர்ப்பாளர்கள் இருக்கிறார்கள், முன்கூட்டியே கேட்டுக்கொள்ளலாம் என்று அவளே சொன்னாள். ஆனால் அங்கே போகிற அளவுக்குத் தைரியம் வருவது இங்கேதான், அதனால் இங்கே தமிழ் அவசியம். வாசலில் ஒட்டியிருந்த அறிவிப்பு ஆங்கிலத்தில் மட்டுமே இருந்தது.

காத்திருந்தபோது நடந்த ஒன்றைச் சொல்லவேண்டும். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் மன்னார்குடிப் பக்கத்துக்காரர், இங்கே கட்டுமானத் துறையில் வேலை. ஊரில் வாங்கிய கடனுக்குத் தீர்ப்பாகி, இ.பி. (தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனு) போட்டிருக்கிறார்கள், வாரண்ட் வரும் என்று வீட்டிலிருந்து போன் வந்துகொண்டே இருக்கிறது. அவருக்கு இங்கே பதில் கிடைக்கவில்லை. இந்தியச் சட்டம் எங்களுக்குத் தெரியாது, தெரியாததைச் சொல்லக்கூடாது என்று மரியாதையாகச் சொல்லி அனுப்பினார்கள். அது சரியான பதில்தான். ஆனாலும் அவர் படியிறங்கிப் போனபோது எனக்கு மனசு கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து தேடிப் படித்தேன். அவரைப் போன்றவர்கள் இங்கே நிறைய இருப்பதால் படித்ததை இங்கே எழுதுகிறேன்.

இந்தியாவில் பணத் தீர்ப்புக்காகக் கடனாளியைக் கைது செய்து சிவில் சிறையில் வைக்க 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம் இடம் கொடுக்கிறது. ஆனால் 51-ஆவது பிரிவு கடிவாளம் போடுகிறது. கடனாளிக்குக் காரணம் சொல்ல வாய்ப்புக் கொடுத்து, அவர் ஓடிவிடக்கூடியவர், அல்லது சொத்தை நேர்மையில்லாமல் மாற்றிவிட்டவர், அல்லது கட்ட வசதி இருந்தும் கட்ட மறுக்கிறவர் என்பது போன்ற காரணத்தை நீதிமன்றம் எழுத்தில் பதிந்த பிறகுதான் சிறை. வழக்கமாக முதலில் வருவது வாரண்ட் அல்ல, உன்னை ஏன் சிறையில் வைக்கக்கூடாது என்று கேட்கும் நோட்டீஸ். ஓடிவிடுவார் என்று நீதிமன்றத்தை நம்பவைத்தால் மட்டும் அந்த நோட்டீஸ் இல்லாமலே வாரண்ட் போகலாம். வெளிநாட்டில் வேலை செய்கிறவர்கள் கவனிக்கவேண்டிய இடம் இது. ஊரில் ஒரு வழக்கறிஞரை வைத்து முன்னதாகவே ஆஜராகி, நான் ஓடவில்லை, சம்பாதிக்கத்தான் வந்திருக்கிறேன் என்று சொல்லிவைப்பது நல்லது.

1980-இல் இந்திய உச்ச நீதிமன்றம், ஜாலி ஜார்ஜ் வர்கீஸுக்கும் கொச்சின் வங்கிக்கும் இடையிலான வழக்கில், வெறுமனே கட்டவில்லை என்பது போதாது, கெட்ட எண்ணம் இருக்கவேண்டும் என்று சொன்னது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி கிருஷ்ண ஐயர். ஏழையாக இருப்பது குற்றமல்ல என்பதுதான் அந்தத் தீர்ப்பின் உயிர். ஒப்பந்தப்படி கொடுக்க முடியவில்லை என்ற ஒரே காரணத்துக்காக யாரையும் சிறையில் வைக்கக்கூடாது என்கிற 1966-ஆம் ஆண்டு குடியியல், அரசியல் உரிமைகளுக்கான அனைத்துலக உடன்படிக்கையின் 11-ஆவது பிரிவை அவர் எடுத்துக்காட்டினார். சிங்கப்பூர் அந்த உடன்படிக்கையில் சேரவில்லை. ஆனாலும் தம்பியின் தாள் போகிற வழியைப் பார்த்தால், இங்கேயும் ஒருவரை உள்ளே தள்ளுவதற்கு முன் அவர் வாயைத் திறக்க விடுகிறார்கள். இரண்டு ஊரிலும் ஆபத்து, கூப்பிட்டபோது போய் வாயைத் திறக்காமல் இருப்பதில்தான்.

இன்னும் சில விவரம்: இந்தியாவில் பணத் தீர்ப்புக்காகப் பெண்களைக் கைது செய்ய முடியாது. தொகை 2,000 ரூபாய்க்கு மேற்படாவிட்டால் சிறை இல்லை. 5,000-க்கு மேல் என்றால் அதிகபட்சம் மூன்று மாதம். சிறையில் இருக்கும் நாளுக்கான சாப்பாட்டுப் படியைக் கடன் கொடுத்தவர்தான் முன்பணமாகக் கட்டவேண்டும். வெளியே வந்தாலும் கடன் தீராது, ஆனால் அதே தீர்ப்புக்காக மறுபடி பிடிக்க முடியாது.

ஓர் ஆலோசனை நல்லதா இல்லையா என்பது நீதிமன்றத்தில் தெரிந்துவிடும். ஹேவ்லாக் ஸ்குவேரில் இருக்கும் அரசு நீதிமன்றக் கோபுரத்துக்குத் தம்பியோடு போனேன். சைனாடவுன் எம்ஆர்டி ரயில் நிலையத்திலிருந்து நடக்கும் தூரம். வழக்கறிஞர் சொன்னபடியே வங்கிக் கணக்கு விவரம், சம்பளச் சீட்டு, சேமநிதி அறிக்கை, வேன் திருப்பிக் கொடுத்த ரசீது எல்லாவற்றையும் நகல் எடுத்து, கேள்விப் படிவத்தையும் நிரப்பிக் கொண்டுபோயிருந்தோம். உறுதிமொழி சொன்னான். எதிர்த் தரப்பின் இளம் வழக்கறிஞர் படிவத்தை வைத்துக்கொண்டு கேள்வி கேட்டார். எவ்வளவு சம்பளம், வேறு வருமானம் உண்டா, உங்களுக்கு யாராவது பணம் தரவேண்டுமா? கடைசிக் கேள்விக்குத் தம்பி தனக்குப் பணம் கொடுக்காமல் போன உணவகங்களின் பழைய பில்களை எடுத்து வைத்தான். அவர் அதைப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் நகல் எடுத்துக்கொண்டார். மாதம் 300 வெள்ளி தவணைக்கு அவர்கள் தரப்பு ஒப்புக்கொண்டது. விலங்கும் இல்லை, சிறையும் இல்லை. அங்கே இருந்த யாரும் அவனை மரியாதைக் குறைவாகப் பேசவில்லை. மன்றத்து வழக்கறிஞர் சொன்னதில் எதுவும் மாறவில்லை, கேட்கப்போகும் கேள்விகள் உட்பட.

மாமாவிடம் போய் எல்லாவற்றையும் தம்பியே சொன்னான். அவர் நம்ப நேரமாயிற்று. தவணை ஒப்பந்தத்தைக் கையில் வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தார்.

யார் இங்கே போகலாம் என்றால்: கையில் தாள் வந்துவிட்டது, தேதி இன்னும் இருக்கிறது, அடுத்து என்ன செய்வது என்று மட்டும் தெரியவேண்டும் என்பவர்களுக்கு இது பொருத்தம். வருமானம் மிகக் குறைந்தவர்கள், கூடவே வந்து வாதாட ஆள் வேண்டும் என்பவர்கள் சட்ட அமைச்சின் லீகல் எய்ட் பீரோவில் கேட்கவேண்டும். அங்கே வருமான வரம்பு உண்டு. வழக்கறிஞர் இல்லாமல் தானே வழக்காடுகிறவர்களுக்கு அரசு நீதிமன்றங்களிலேயே சமூக நீதி மையம் இருக்கிறது. பல வங்கிக் கடன், கடன் அட்டை என்று சேர்ந்துபோனவர்களுக்குக் கடன் ஆலோசனை அமைப்பு தனியாக இருக்கிறது. வாசலில் வந்து சத்தம் போடும் வசூல்காரர்கள்தான் பிரச்சினை என்றால் அது வேறு விஷயம். 2022-ஆம் ஆண்டுச் சட்டப்படி கடன் வசூல் தொழிலுக்கு உரிமம் வேண்டும், மிரட்டினால் போலீசில் புகார் கொடுக்கலாம்.

மன்றத்தை நடத்துகிறவர்கள் இதைப் படித்தால் இரண்டு விண்ணப்பம். கடன் விஷயமாக வருகிறவர்களுக்குக் கதவுள்ள ஒரு சிறிய அறையை ஒதுக்குங்கள். அந்த வழக்கறிஞர் பென்சிலால் போட்டுக் காட்டியதை, கடன் ஒரு பக்கம், நீதிமன்றத் தேதி ஒரு பக்கம் என்று, நான்கு மொழிகளிலும் ஒரு பக்கத் தாளாக அச்சடித்து வாசல் மேசையில் வையுங்கள். உள்ளே வந்து உட்காரத் தயங்கித் திரும்பிப் போகிறவர் கையிலாவது அது போய்ச் சேரும்.